முட்டை ஊறுகாய்க்கு வந்த வினிகர்

வேலை முடிந்து வரும்போது வினிகர் வாங்கி வரும்படி என் வீட்டுக்காரரிடம் காலையிலேயே சொல்லியிருந்தேன். அவித்து உரித்த முட்டைகள் மிளகு, பூண்டோடு கண்ணாடி ஜாடியில் காத்திருந்தன. அவர் துணிக்குச் சாயம் ஏற்றும் டையிங் பட்டறையில் வேலை செய்கிறவர். சாப்பாட்டுப் பையிலிருந்து ஒரு தண்ணீர் பாட்டிலை எடுத்து அடுப்பு மேடையில் வைத்தார்.

"பட்டறையில சாயத்துக்கு ஊத்தற ஆசிட். வினிகர்ல இருக்கறதும் இதேதான் புள்ள. தண்ணி கலந்துக்கலாம்."

எனக்குக் கோபம் தலைக்கு ஏறியது. ட்யூஷன் விட்டுத் தாகத்தோடு வரும் மகள், கண்ணில் படும் பாட்டிலை எடுத்துக் குடிப்பவள்.

"ஏனுங்க, துணிக்கு ஊத்தறதை யாருங்க திங்கறது?"

"நாந் திங்கறேன். நாங் கலக்காத ஆசிட்டா?"

பேசிக்கொண்டே ஜாடியைத் தன் பக்கம் இழுத்தார். நான் அதன் வாயைக் கையால் பொத்திக்கொண்டேன். கையை எடு என்றார். எடுக்கவில்லை.

அவர் பையில் துழாவி, பட்டறையில் போடும் ரப்பர் கிளவுஸை எடுத்து இரண்டு கையிலும் மாட்டினார். முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பி, மூச்சை அடக்கிக்கொண்டு பாட்டில் மூடியைத் திருகினார். நெடி என் கண்ணைக் கரித்தது.

நான் ஜாடியிலிருந்து கையை எடுத்தேன்.

"ஊத்துங்க. கிளவுஸைக் கழட்டிட்டு ஊத்துங்க."

அவர் தன் கைகளைப் பார்த்தார். பிறகு மூடியை இறுக்கித் திருகினார்.

"கடை தொறந்திருக்குமா?" என்றார்.