ஆறாய் மடித்த கைலி

கூலாய்ப் பக்கத்து ரப்பர் தோட்டத்தை விட்டு, அன்னாசி ஆலையில் வேலை தேடி, பெக்கான் நானாஸ் ஊரை நோக்கி நடந்துகொண்டிருந்தேன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் தொடக்கம், ரப்பர் விலை விழுந்து ஆட்களைக் குறைத்த காலம். தலையில் துணி மூட்டை சுமந்து ஊர் ஊராக விற்கும் பாய் ஒருவர் வழியில் சேர்ந்துகொண்டார். என் வயதுதான் இருக்கும். இருவருக்குமே அந்தக் காட்டுப்பாதை புதிது.

வழி சொன்ன மலாய்க்காரர் கணக்காகச் சொல்லியிருந்தார். மரப்பாலம் வரை பாதி வழி, பாலத்திலிருந்து பழைய கொட்டகை வரை மொத்த வழியில் மூன்றில் ஒரு பங்கு, மிச்சம் அடர்காடு. புலி நடமாட்டம் உண்டு, இருட்டுமுன் கடந்துவிடுங்கள் என்றார்.

கொட்டகையை அடைந்தபோது வெயில் சாய்ந்திருந்தது. கூரை விழுந்து கிடந்தது, தங்க முடியாது. வாசலில் ஈரமண்ணில், என் கையை விரித்தாலும் மூடாத ஒரு கால்தடம். அதற்குள் தண்ணீர் அப்போதுதான் ஊறிக்கொண்டிருந்தது.

நான் மூன்றாம் வகுப்பு வரை படித்தவன் அல்லவா, குச்சியால் மண்ணில் கணக்குப் போட்டேன். அரையும் மூன்றில் ஒன்றும். மேலே ஒன்றும் ஒன்றும் இரண்டு. கீழே இரண்டும் மூன்றும் ஐந்து. ஐந்தில் இரண்டு பங்குதான் வந்திருக்கிறோம், பாலத்தருகே குடிசைகள் இருந்தன, திரும்பிவிடலாம் என்றேன். படித்தவன் சொல்கிறான் என்று பாயும் திரும்பினார். நூறு அடி போனதும் நின்றுவிட்டார்.

“அண்ணே, பாலத்துலயே பாதி முடிஞ்சிருச்சு. அப்புறமும் நடந்தோம். இப்ப பாதிக்கும் கம்மிங்கிறீங்க. பாதை நம்மள விட்டுட்டுப் பின்னால ஓடுதா?”

மூட்டையிலிருந்து ஒரு கைலியை உருவி இரண்டாக மடித்தார். அதையே மூன்றாக மடித்து விரித்தார். ஆறு பாகம்.

“பாதின்னா இதுல மூணு. மூணுல ஒண்ணுன்னா ரெண்டு. அஞ்சு முடிஞ்சிருச்சு, ஒண்ணுதான் பாக்கி. பாலத்துக்குத் திரும்பினா ரெண்டு நடக்கணும்.”



மறுபடி அந்தத் தடத்தைத் தாண்டித்தான் போனோம். இடப்பக்கப் புதரில் ஏதோ எங்களோடு கூடவே நகர்ந்தது. நாங்கள் நின்றால் நின்றது. ஓடக்கூடாது என்று பாய் என் இடுப்புத் துணியைப் பிடித்துக்கொண்டார். கடைசி வெளிச்சத்தில் அன்னாசித் தோட்டத்து வேலி தெரிந்தபோதுதான் பாய் பிடியை விட்டார்.

மறுநாள் காலை அன்னாசி ஆலையில் பழம் சீவும் வேலைக்குச் சேர்ந்தேன். படிப்பு உண்டா என்று கேட்டார்கள், அரைகுறைப் படிப்பு ஆளைப் புலிக்காட்டுக்குள் திருப்பி நடத்தும் என்பதைக் கண்டு வந்தவன், இல்லை என்று சொல்லிக் கத்தியை வாங்கிக்கொண்டேன்.