மனைவி போட்ட கையெழுத்து

என் நாட்குறிப்பில் அந்தச் செவ்வாய்க்கிழமைப் பக்கம் இப்படி இருக்கிறது: "காலை 11.20. பதிவுத் தபால். ஸ்டெல்லா பெயருக்கு வக்கீல் நோட்டீஸ். பதினைந்து நாள் கெடு."

ஸ்டெல்லா என் மனைவி. பெண்களுக்கான கடன் கிடைக்கும் என்று, ஓசூரில் நான் நடத்தும் லேத் பட்டறையையும் அதன் வங்கிக் கணக்கையும் அவள் பெயரில் வைத்திருந்தேன். எங்களுக்கு இரும்புக் கம்பியைக் கடனாகத் தரும் குருபரப்பள்ளிக்காரர், எல்லோரிடமும் கேட்பதுபோல, தொகையும் தேதியும் எழுதாத செக் ஒன்றை ஈடாகக் கேட்டார். மழை பெய்ததைக்கூடத் தேதியோடு எழுதிவைக்கும் நான், அவளிடம் கையெழுத்து வாங்கி அப்படியே கொடுத்தேன். நாங்கள் உதிரிபாகம் செய்துதரும் கம்பெனியிலிருந்து எங்களுக்கு வரவேண்டிய பணம் தாமதமானது. அவர் செக்கை நிரப்பி வங்கியில் போட்டார். கணக்கில் பணமில்லாமல் அது திரும்பிவிட்டது.

"கையெழுத்து யாருதுங்க? கேசும் அவங்க மேலதான். ஜெயில் வரைக்கும் போகலாம்," என்றார் எங்கள் வக்கீல்.

"பட்டறை உங்களுது, மொதலாளிங்கற பேரும் உங்களுது. கூண்டு மட்டும் எனக்கா?" என்று ஸ்டெல்லா கேட்டாள்.

பதின்மூன்றாம் நாள் ஒரு லேத்தை விற்றுப் பணத்தைக் கட்டினேன். திரும்ப வாங்கிய செக்கை அவளிடம் நீட்டினேன்.

"இன்னொண்ணு எங்கங்க? ரெண்டுல போட்டேனே," என்றாள்.

இப்போது அவள் படித்துப் பார்க்காத எதிலும் கையெழுத்துக் கேட்பதில்லை. ஒவ்வொரு செக்கின் எண்ணையும் குறித்துவைக்கிறேன். கம்பிக்காரருக்குச் செக் கொடுத்த அன்றைய நாட்குறிப்பில் ஒரு செக் என்றுதான் இருக்கிறது. அவரும் அதையே சொல்கிறார். பழைய செக் புத்தகத்தின் அடிக்கட்டையைக் காணவில்லை. இரண்டாவது செக் யாரிடமாவது இருக்கிறதா என்பதை இன்றுவரை என்னால் உறுதிப்படுத்த முடியவில்லை.