எட்டாம் படி வேகம்

கச்சேரி நாளென்றால் அந்த அம்மா மேடைக்குப் போகும் பதினான்கு படிகளையும் கைப்பிடியைப் பிடித்து ஏறி, மேலே நின்று மூச்சு வாங்குகிறார். "எட்டாம் படியிலயே இரைக்குது. இன்னிக்கு மெதுவாத்தான் போகும்." போகப்போவது அவர் வாசிக்கும் இசை.

எங்கள் கட்டடத்தில் அவருக்குப் பெயர் பியானோக்காரம்மா. வயது அறுபத்திரண்டு. காலையில் நடனப் பள்ளியில், பிள்ளைகள் காலைத் தூக்கி இறக்குவதற்கு ஒரே மெட்டை நாலு மணி நேரம் வாசிக்கிறார். "அங்க நான் கடிகாரம். கச்சேரியிலயாவது மனுஷியா இருந்துக்கறேன்."

பழைய மேதைகள் தாளில் குறித்துவைத்த வேகத்தை அவர் பொருட்படுத்துவதில்லை. "எழுதினப்போ அவருக்கு முப்பது வயசு. முட்டி வலி இருந்திருக்காது. அவர் ஓடினாருன்னு நானும் ஓடணுமா?" உடம்பு அன்றைக்கு எப்படியோ, இசையும் அப்படி. ஒரு விமர்சகர் அதை 'ஆஸ்பத்திரி நடை' என்று எழுதினார். "சரியாத்தானே எழுதியிருக்காரு" என்று பேப்பரை மடித்து வைத்தார். பேருந்து ஓட்டி ஓய்வுபெற்ற கணவர், முன்வரிசையில் பத்தாவது நிமிடமே தூங்கிவிடுவார். "வண்டி குலுங்காம போனாத்தான் அவருக்குத் தூக்கம் வரும்" என்பதில் அம்மாவுக்குப் பெருமை.

போன ஞாயிறு மதியம், வருடத்துக்கு ஒன்றாக அவருக்கு மிஞ்சியிருந்த கச்சேரி. இசைத்தாளில் பக்கம் திருப்ப நான். இருபது நிமிட இசை முப்பத்தைந்தாக நீண்டது. ஒரு சுரம் அடங்கி அடுத்தது பிறப்பதற்குள் யாராவது எழுந்துகொண்டார்கள். மடக்கு இருக்கைகள் பட்பட்டென்று நிமிர்ந்தன. எனக்கு வியர்த்தது. அவர் விரல்கள் அவசரப்படவில்லை. முடிந்தபோது பாதிக் கூடம் காலி.

நிர்வாகி தயங்கித் தயங்கி மேடைக்கு வந்தார். "தப்பா நினைக்காதீங்கம்மா. அடுத்த வருஷம் வேற யாரையாவது…"

"போடுங்க. எனக்கும் அலுப்பாத்தான் இருக்கு."

கோபமில்லை. கோபப்படவும் தெம்பு வேண்டுமே. ஆனால் பியானோவை மூடிவிட்டுப் பையைத் தோளில் மாட்டும்போது இரண்டு முறை நழுவவிட்டார்.

கூடத்தைப் பெருக்க வந்த பெண் துடைப்பத்தை ஊன்றியபடி மேடையருகே நின்றாள். "ஏம்மா, நடுவுல தண்ணி பிடிக்கப் போயிட்டேன். அப்புறம் என்ன ஆச்சு?"

அம்மா அவளையே பார்த்தார். "எதுவரைக்கும் கேட்டீங்க?"

"அது ஒரே இடத்துல போகவா வேணாமான்னு நின்னுச்சே, அதுவரைக்கும்."

பை தரைக்கு வந்தது. பியானோ மூடியைத் திறந்து உட்கார்ந்தவர், நகர்ந்து பெஞ்சில் அவளுக்குப் பாதி இடம் விட்டார்.