முப்பத்தொன்றுக்கு முந்திய பெயர்

புவா என்று ஒரு சொல். ஹவாய்த் தீவுக்காரர்களுடையது. பூவுக்கும் அதுதான், மீன்குஞ்சுக்கும் அதுதான், பெற்ற பிள்ளைக்கும் அதுதான். ஒன்பது வயதில் அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு ஒரு வீட்டையே கவிழ்த்துவிட்டேன் என்று பதினெட்டு நாட்கள் நம்பிக்கொண்டிருந்தேன்.

லண்டனில் நாங்கள் இருந்த மிச்சம் என்ற பகுதியில், எங்கள் பள்ளிக்கூடத்துக்கு ஒரேயொரு தவணைக்கு ஓர் ஆசிரியை வந்தார். ஹவாயில் பிறந்தவர். மார்ச் மாதத்து லண்டன் வெயிலை வெயிலென்று ஒப்புக்கொள்ள மறுத்து, வகுப்புக்குள்ளும் கோட்டைக் கழற்றாதவர். ஒருநாள் எங்கள் ஒவ்வொருவருக்கும் தன் ஊர்ச் சொல் ஒன்றைச் சின்ன அட்டையில் எழுதித் தந்து, படம் கீறிக்கொண்டு வரச் சொன்னார். மற்றவர்களுக்கு மழை, எரிமலை, ஆமை என்று ஆளுக்கொரு பொருள். எனக்கு மட்டும் ஒரே அட்டையில் மூன்று. ஏதோ தவறுதலாகக் கூடத் தந்துவிட்டார், கண்டுபிடித்தால் திருப்பிக் கேட்பார் என்ற பயத்தில் அட்டையை மடித்துச் சப்பாத்துக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.

அந்த மாதங்களில் சித்தி எங்களோடு இருந்தார். அம்மாவின் தங்கை. சித்தப்பாவுக்குப் பெற்றோல் நிலையத்தில் வேலை. ஷிப்ட் எப்போது தொடங்கும், எப்போது முடியும் என்று அவருக்கே தெரியாது. வயிற்றில் பிள்ளையோடு சித்தி தனியே ஓர் அறைக்குள் கிடக்க வேண்டாமென்று அம்மா போய்க் கூட்டிவந்து எங்கள் முன்னறைச் செற்றியில், அந்த நீளச் சோபாவில், இருத்தினார்.

வயிற்றில் பிள்ளை இருக்கிறது என்பது எல்லாருக்கும் தெரியும். ஆனால் ஒருவரும் அதைத் தெரிந்த மாதிரி நடக்கக் கூடாது. பிறக்க முதல் ஒரு முழத் துணி வாங்கக் கூடாது. பேர் யோசிக்கக் கூடாது. பிறந்து முப்பத்தோராம் நாள் துடக்குக் கழித்து, தட்டில் அரிசி பரப்பி அதில் பேரை எழுதி, காதுக்குள் மூன்று தரம் சொன்ன பிறகுதான் அது ஓர் ஆள். அதுவரை வெறும் ‘அது’. ‘அது இண்டைக்கு நல்லா உதைக்குது’, ‘அதுக்குப் புளிப்புப் பிடிக்கேல்லை’ என்று பக்கத்து வீட்டுப் பூனையைப் பற்றிப் பேசுவது போலப் பேசிக்கொண்டார்கள்.

இதற்குள் அப்பாவுக்கு அவருடைய வேலையிடத்தில் யாரோ ஒரு பழைய தொட்டிலைச் சும்மா கொடுத்துவிட்டார்கள். வெள்ளைக்காரர் அன்பாகத் தருவதை வேண்டாமென்று சொல்ல அப்பாவுக்கு வாய் வராது. கொண்டுவந்து பின்வளவு ஷெட்டுக்குள் தார்ப்பாயால் மூடி வைத்து, கேட்டவர்களுக்கெல்லாம் அது புல் வெட்டும் மெஷின் என்றார். எங்கள் பின்வளவில் ஒரு புல் கிடையாது. முழுக்கச் சீமெந்து.

அம்மாவுக்குக் காலை வேலையென்றால் கிளினிக்குக்குச் சித்தியோடு நான்தான் போவேன். மொழிபெயர்க்க. கால் வீங்குகிறது, நெஞ்செரிகிறது, இரும்புச்சத்துக் குளிசை குடித்தால் வயிற்றைப் பிரட்டுகிறது என்பதையெல்லாம் ஆங்கிலத்தில் சொல்வதில் எனக்கு ஒரு மிதப்பு இருந்தது. ஒருநாள் மிட்வைஃப் ஒரு கருவியை வயிற்றில் வைத்து அழுத்த, தண்ணீருக்குள் யாரோ அவசரமாக ஓடுவது போல ஒரு சத்தம் அறையை நிறைத்தது. இனி இதற்குக் காது கேட்கும், தினமும் பேசுங்கள், விருப்பமான பேர் இருந்தால் சொல்லிக் கூப்பிடுங்கள் என்றார் மிட்வைஃப். நான் தமிழில் சொன்னேன். சித்தி சிரித்தார்.

“ஆரெண்டே தெரியாத ஆளோட என்னத்தைக் கதைக்கிறது? முப்பத்தொண்டு கழியட்டும் எண்டு சொல்லு.”

முப்பத்தொன்றுக்குப் பிறகாம் என்று நான் ஆங்கிலத்தில் சொன்னேன். மிட்வைஃப் சுவரில் தொங்கிய கலண்டரைப் பார்த்தார், சித்தியைப் பார்த்தார், ஏதோ எழுதிக்கொண்டார்.

எனக்கோ அது வைத்தியக் கட்டளை. சீருடை போட்டவர் சொல்லிவிட்டார், தினமும் பேச வேண்டும். சித்தி பேசமாட்டார். அப்படியென்றால் யார் பேசுவது? பள்ளிக்கூடத்தால் வந்து பார்க்க, சித்தி செற்றியில் வாய் கொஞ்சம் திறந்தபடி தூங்கிக்கொண்டிருப்பார். நான் கம்பளத்தில் முழங்காலூன்றி, அந்த வயிற்றின் மேட்டுக்குப் பக்கத்தில் வாயைக் கொண்டுபோய், புவா, என்பேன். ஒருநாள் பூவை நினைத்துக்கொண்டு. ஒருநாள் மீன்குஞ்சை நினைத்துக்கொண்டு. மூன்றாம் நாள் பிள்ளையை நினைத்தபோது உள்ளிருந்து ஒரு தட்டு. சத்தியமாகத் தட்டியது. சட்டைத் துணி அசைந்ததைக் கண்ணால் கண்டேன். அதன் பிறகு என்னை யாராலும் நிறுத்த ஏலாது. படத்தைக் கொடுத்துவிட்டேன், தவணை முடிந்து ஆசிரியையும் போய்விட்டார், நான் மட்டும் சொல்லிக்கொண்டே இருந்தேன்.

பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை. பள்ளிக்கூடத்தால் வந்தபோது செற்றி வெறுமையாகக் கிடந்தது. தேத்தண்ணிக் கோப்பை பாதியில் ஆடை படர்ந்து இருந்தது.

பத்துக் கிழமை முந்தி, முப்பதாவது வாரத்திலேயே பிறந்துவிட்டது. பெண். ஒரு சீனிப் பையைவிடக் கொஞ்சம்தான் கூட என்று அப்பா தொலைபேசியில் யாருக்கோ சொல்வது கேட்டது. நான் குசினிக்குள் போய்ச் சீனிப் பையை இரண்டு கையாலும் தூக்கிப் பார்த்தேன். பிறகு அதை மெதுவாக, தலைப்பக்கம் இடிபடாமல், அலமாரித் தட்டில் திரும்ப வைத்தேன். சில கிழமை போகாமல் எதுவும் சொல்ல ஏலாது என்று டொக்டர்மார் சொன்னார்களாம்.

சனிக்கிழமை லண்டனின் மற்றக் கோடியிலுள்ள செவன் கிங்ஸிலிருந்து பெரியம்மா வந்து இறங்கினார். அம்மாவுக்கும் சித்திக்கும் மூத்தவர். ஒரு கையில் பிள்ளை பெற்றவளுக்குக் கொடுக்கும் சரக்குத்தூள் போத்தல், மற்றக் கையில் விசாரணை. “ஆரோ பேர் வைச்சிருக்கினம், இல்லாட்டி ஏதோ சாமான் வாங்கியிருக்கினம். சும்மா ஒண்டும் முந்திப் பிறக்காது,” என்று சொல்லிக்கொண்டே அறை அறையாக நடந்து, பின்கதவைத் திறந்து, ஷெட்டுக்குள் புகுந்தார். தார்ப்பாய் சரிந்தது.

“இதென்ன தம்பி?”

“புல்லு வெட்டிற மெஷின் அக்கா.”

“புல்லு வெட்டிறதுக்கு ஏன் நாலு காலும் கம்பியும்?”

அப்பா காசு கொடுத்து வாங்கவில்லை, சும்மா தந்தது என்றார். படலைக்குள் வந்ததெல்லோ என்றார் பெரியம்மா. அம்மா அப்பாவின் முகத்தைப் பார்க்காமல் தார்ப்பாயை மடிக்கத் தொடங்கினார். அதுதான் கூடுதலாகச் சுட்டிருக்கும். அப்பா தனியாகவே தொட்டிலைக் காரின் கூரையில் கட்டிக்கொண்டுபோய்க் கவுன்சில் குப்பை மேட்டில் போட்டுவிட்டு வந்தார். வந்தும் இறங்கவில்லை. வாசலில் காருக்குள் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி இருந்தார். மேல்மாடி ஜன்னலால் பார்த்துக்கொண்டிருந்த எனக்கு மட்டும்தான் தெரியும், தொட்டில் அல்ல, நான் என்று. அதுவும் ஒரு பேர் அல்ல, ஒரே மூச்சில் மூன்று.

சொல்லிவிடலாம். சொன்னால் அப்பா இறங்கிச் சாப்பிட வருவார். ஆனால் என்னை என்ன செய்வார்கள்? அதைவிடவும், வாய்விட்டுச் சொன்னால் பேர் இன்னும் உறுதியாகிவிடாதா? ஆகவே சொன்னதைத் திரும்ப எடுக்கப் பார்த்தேன். வெறும் செற்றிக்குப் பக்கத்தில் முழங்காலூன்றி, வாபு, வாபு, வாபு என்று எத்தனை தரம் சொன்னேனோ அத்தனை தரமும் பின்னிருந்து முன்னாகச் சொன்னேன். கணக்குத் தவறியது. சொன்னது போதுமா, கூடிவிட்டதா என்றும் தெரியவில்லை.

பதினெட்டாம் நாள் அம்மாவுக்கு ஷிப்ட் மாற்ற முடியவில்லை. சித்தப்பாவின் ஆங்கிலம் பம்ப் இலக்கத்துக்கும் சிகரெட்டுக்கும் அளவானது. எனவே ஆஸ்பத்திரிக்கு என்னைக் கூட்டிப்போனார்கள். முழங்கை வரை கழுவச் சொன்னார்கள். உள்ளே ஒரு வெக்கை, ஊரில் இல்லாத, லண்டனிலும் இல்லாத ஒரு வெக்கை. வரிசையாகக் கண்ணாடிப் பெட்டிகள். எங்களுடையதற்குள் கிடந்ததில் சீனிப் பையின் சாயல் எதுவுமில்லை. அதற்கு நகம் இருந்தது. கோபப்பட்ட மாதிரி ஒரு புருவம் இருந்தது. பக்கத்துப் பெட்டிகளில் பேர் எழுதி நட்சத்திரம் ஒட்டியிருந்தார்கள். எங்கள் பெட்டியில் ‘பேபி’ என்றும், கீழே சித்தியின் பேரும் மட்டும்.

நேர்ஸ் குனிந்து என்னிடம் சொன்னார். குழாய் மாற்றும்போதெல்லாம் இவளோடு பேசுகிறோம், கூப்பிட ஒரு பேர் இல்லை, செல்லப் பேர் என்றாலும் பரவாயில்லை, சித்தியிடம் கேட்டுச் சொல்கிறாயா?

கேட்டேன்.

“முப்பத்தொண்டு கழியட்டும்,” என்றார் சித்தி. கிளினிக்கில் சொன்ன அதே சொல், ஆனால் இப்போது சிரிப்பில்லை. பெட்டியை விட்டுக் கண்ணை எடுக்காமலே, “முந்திக் கூப்பிட்டால் நிக்காது,” என்றார்.

நேர்ஸ் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதை எந்த ஆங்கிலத்தில் சொல்வது? நான் அழுதேன். மூக்கால் வடிய வடிய, மொழிபெயர்ப்பாளர் என்ற மரியாதையெல்லாம் போக அழுதேன்.

“நான் கூப்பிட்டிட்டன் சித்தி. அப்பாவின்ரை தொட்டில் இல்லை. நான்தான்.”

அடி விழும் என்று கழுத்தை உள்ளே இழுத்துக்கொண்டேன். விழவில்லை.

“என்னெண்டு கூப்பிட்டனி?”

“புவா.”

“அது ஆற்றை பேர்?”

பேரில்லை, சொல் என்றேன். ஆசிரியை, கோட்டு, அட்டை, சப்பாத்து எல்லாவற்றையும் கொட்டினேன். பூ எண்டும் கருத்து, மீன்குஞ்சு எண்டும் கருத்து, பிள்ளை எண்டும் கருத்து.

“மூண்டுக்கும் ஒரே சொல்லோ?”

“ஓம்.”

“திரும்பச் சொல்லு.”

விரல் மடக்கிச் சொன்னேன். இன்னொரு தரம் கேட்டார். சொன்னேன். சித்தி சித்தப்பாவைப் பார்த்தார். சித்தப்பா எழுந்துபோய், கழுவிய கையைத் திரும்பவும் கழுவத் தொடங்கினார். நெடுநேரம் கழுவினார்.

“அப்ப மூண்டு பேருக்கும் இந்த ஒரு சொல் காணும், போதும்,” என்றார் சித்தி.

பெட்டியின் வட்டத் துவாரத்துக்குள் கையை விட்டு, அந்தச் சின்ன உள்ளங்கையில் ஒரு விரலை வைத்தார். அது பிடித்துக்கொண்டது. “இஞ்ச வா குஞ்சு. நீ சொல்லு, உன்ரை குரல்தான் அதுக்குப் பழக்கம்,” என்றார். துவாரத்தில் வாயை வைத்து நான் சொன்னேன். பிறகு சித்தியும் சொன்னார். தலையை ஒவ்வொரு முறையும் நிமிர்த்தி, மூச்செடுத்து, மூன்று தரம்.

அவள் நின்றாள். முப்பத்தொன்று பெட்டிக்குள்ளேயே கழிந்தது. வீட்டுக்கு வந்தபிறகு விம்பிள்டன் கோயிலில் நட்சத்திரத்துக்கு எழுத்துக் கேட்டு, பாஸ்போட்டின் கோட்டுக்குள் அடங்காத நீளத்தில் ஒரு பேர் வைத்தார்கள். அதற்கு முதல் நாள் சித்தி அப்பாவிடம், “அத்தான், இன்னொரு புல்லு வெட்டிற மெஷின் எடுக்கேலுமோ?” என்று கேட்க, அப்பா தேத்தண்ணி புரையேறிச் சிரித்தார். இப்போது அவளுக்கு முப்பதுக்கு மேல். காரை எங்கே நிறுத்துவது என்பதைத் தவிர வாழ்க்கையில் வேறு முறைப்பாடு இல்லாதவள். புவா என்று அவளை ஒருவரும் கூப்பிடுவதில்லை. பெரியம்மா இன்றைக்கும் தொட்டிலைத்தான் சொல்வார்.

எனக்கு இருபத்தைந்து வயதில், முருங்கைக்காய் சீவிக்கொண்டிருந்தபோது, ஏதோ பேச்சோடு பேச்சாக அம்மா சொன்னார். அவளுக்கு முதல் சித்தியின் வயிற்றில் வேறு இரண்டு இருந்தன. ஒன்று, இடம்பெயர்ந்து நடந்த வழியில், மூன்று மாதத்தில், ஒரு மதகடியில் போனது. மற்றது நிறைமாதத்தில் வவுனியாவில் பிறந்து பின்னேரம் வரை இருந்தது. இரண்டும் முப்பத்தொன்றைக் காணவில்லை. ஆகவே அரிசியுமில்லை, காதுமில்லை, பேருமில்லை. கூப்பிட ஒன்றும் இல்லாததால் அவர்களைப் பற்றி வீட்டில் யாரும் பேசுவதுமில்லை. அம்மா சொல்லிவிட்டுக் காயை மூன்று துண்டாக நறுக்கிச் சட்டியில் போட்டார். நான் கத்தியை வைத்துவிட்டு வெளியே போய் நின்றேன்.

ஆனால் அன்றைக்கு, ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பும் பஸ்ஸின் மேல்தட்டில், எனக்குக் கணக்கு நேராக இருந்தது. சித்தி ஒன்று, சித்தப்பா இரண்டு, பெட்டிக்குள் கிடப்பவள் மூன்று. மூன்று பேருக்கும் காணுமாம். சொல்லைக் கண்டுபிடித்தது யார்? சப்பாத்துக்குள் வைத்து நொண்டி நொண்டிக் கொண்டுவந்தது யார்? எனக்கு ஒரு பங்கு இருக்கிறதா என்றாவது ஒருவர் கேட்டாரா? ஜன்னல் பக்கம் திரும்பி முகத்தை நீட்டிக்கொண்டு இருந்தேன். என்ன கோபம் என்று சித்தி கேட்டார். ஒண்டுமில்லை என்றேன். அவர் என் தலையைப் பிடித்துத் தன் மடியில் சாய்த்துக்கொண்டார். பஸ் மிச்சத்துக்கு வந்து சேரும்வரை நான் கழுத்தை விறைப்பாகவே வைத்திருந்தேன்.