அச்சுக்கு முந்தின நாள் வந்த கடிதம்

எட்டு வருடமாக ஒரு வெள்ளைக்காரத் துரையோடு நான் குடும்பம் நடத்துவதாக என் மனைவி சொல்வாள். பொய்யில்லை. பட்டாளத்துக் கேப்டனாக வந்து, தாமிரபரணி எங்கே பிறக்கிறதென்று பார்க்க மலையேறி, காய்ச்சலில் செத்துப்போன ஒருவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதிக்கொண்டிருந்தேன். மெய்ப்புத் திருத்தம் முடிந்துவிட்டது. மறுநாள் அச்சுக்குப் போக வேண்டும். அன்றைக்குப் பார்த்து, எப்போதோ லண்டனுக்கு எழுதிக் கேட்டிருந்த கடிதத்தின் நகல் மின்னஞ்சலில் வந்து சேர்ந்தது.

சாவதற்கு நான்கு நாள் முன்பு துரை தம்பிக்கு எழுதியது. வழிகாட்டி மேலே ஏற மறுத்தான், மரத்தில் கட்டிப் பன்னிரண்டு கசையடி கொடுத்தேன், ஓடிவிட்டான். அவ்வளவுதான். திரும்பத் திரும்ப வாசித்தேன்.

காரணம் இருக்கிறது. கல்லிடைக்குறிச்சி தாண்டி ஆற்றோரம் இருக்கும் துரையின் கல்லறையை ஊர் சாமியாகக் கும்பிடுகிறது; வருடாவருடம் கொடை விழா நடக்கிறது. சுருட்டும் சாராயமும் படைப்பார்கள். முதல் திருநீறு அந்த வழிகாட்டியின் வம்சத்துக்கு. அந்த வழிகாட்டியின் மடியில்தான் துரையின் உயிர் பிரிந்தது என்பது ஊர்க்கதை. நானும் அதை நம்பி ஓர் அத்தியாயம் முழுக்க உருகி எழுதித் தொலைத்திருந்தேன். வம்சத்தில் இப்போது மூத்தவர் என் வயதுக்காரர், கூலிக்கு வயல் வேலை பார்ப்பவர். ஊரில் அவருக்கென்று இருந்த மரியாதையெல்லாம் அந்த முதல் திருநீறுதான். அதன்மேல் மேலத்தெருக் குடும்பம் ஒன்று வெகுநாளாகக் கண்வைத்திருந்தது. நான்கு நாள் முன்பே வழிகாட்டி ஓடிவிட்டான் என்றால் மடியில் உயிர் பிரிந்த கதை பொய்; கடிதத்தைச் சேர்த்தால் திருநீறு போய்விடும். சேர்க்காவிட்டால் என் புத்தகம் பொய்.

மெய்ப்புக் கட்டோடு அவரைப் பார்க்க வண்ணார்பேட்டையில் கல்லிடைக்குறிச்சி பஸ் ஏறினேன். கடிதத்தை அழித்துவிட்டு அப்படியே வீடு திரும்பினால் யாருக்குத் தெரியும் என்று வழியெல்லாம் நினைத்தேன். நினைத்ததை மறைப்பானேன்?

அவர் வயலிலிருந்து அப்போதுதான் வந்திருந்தார். கடிதத்தைத் தமிழில் சொல்லி முடித்தேன். கால் சேற்றைக்கூடக் கழுவாமல் நின்றார்.

"இது அச்சுல வந்தா மேலத்தெருக்காரன் மறு கொடைக்கே திருநீற வாங்கிருவான், தெரியும்லா?"

"தெரியும். அதனால்தான் வந்தேன்."

"எங்க பூட்டன் பேரு அந்தக் கடுதாசில இருக்கா?"

"இல்லை. வழிகாட்டி என்று மட்டும் இருக்கிறது."

மெய்ப்புக் கட்டை வாங்கிக் கடைசிப் பக்கங்களைப் புரட்டினார். புத்தகத்தில் வரும் பெயர்களின் பட்டியலான பெயரடைவு அங்கேதான் இருந்தது. எழுத்துக்கூட்டி வாசித்தவரின் விரல் ஓரிடத்தில் நின்றது.

"இது ஆரு?"

"துரையின் குதிரை."

"இது?"

"நாய்."

"குதிரைக்குப் பேரு இருக்கு, நாய்க்கு இருக்கு. எங்க பூட்டனுக்கு இல்லையா?"

"துரை எங்கேயும் எழுதவில்லையே."

"அவன் எதுக்குவே எழுதுவான்? எட்டு வருசமா இங்கன வந்து காப்பி குடிக்கீரு. நீரு கேட்டீரா?"

அதுவரை என்னை 'சார்' என்று மட்டுமே கூப்பிட்டவர், இப்போது 'வே' என்றார். செருப்பால் அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திருக்காது. நான் கேட்கவே இல்லை. துரையின் காகிதங்களில் இல்லாத எதையும் தேட எனக்குத் தோன்றியதில்லை.

மெய்ப்பை என் கையில் திருப்பிக் கொடுத்து, "அடிச்சதப் போடும்" என்றார். "மரியாத போனா போவட்டும். ஆனா பேரோட போடும்."

பெயரைச் சொன்னார். பெயரடைவின் ஓரத்திலேயே எழுதிக்கொண்டேன். அத்தியாயத்தைக் கிழித்துப் புதிதாக எழுதியதில் அச்சு இரண்டு மாதம் தள்ளிப்போனது. பதிப்பாளர் என்னைத் திட்டாத திட்டில்லை.

அடுத்த கொடையில் முதல் திருநீறு மேலத்தெரு வீட்டுக்குத்தான் போனது. கூட்டத்துக்குப் பின்னால் தனியாக நின்றவரிடம் புத்தகத்தைக் கொடுத்தேன். பூட்டன் பெயர் இருந்த பக்கத்தை அவரே தேடி எடுத்து, என்னை வாசிக்கச் சொன்னார். மரத்தில் கட்டியது முதல் பன்னிரண்டாவது அடி வரை வாசித்தேன்.

"பூட்டன அடிச்சவனத்தாம்வே இத்தன வருசமா கும்பிட்டிருக்கேன்" என்றார்.

நான் அவனைப் பற்றி முந்நூறு பக்கம் எழுதியிருந்தேன்.