மொட்டை பயில்வான் திறக்கவில்லை

பழைய மெஷின் கேம்களைக் கம்ப்யூட்டரில் ஓட்டும் எமுலேட்டரில் ஆடுவதற்காக, அந்த வீடியோ கேம் ஃபைல்களை இன்று காலை முழுக்க அடுக்கினேன். எல்லாம் புரியாத சுருக்கப் பெயர்கள். அவற்றை மாற்றி, சின்ன வயதில் கிட்வாய் நகர் வீடியோ கேம் பார்லரில் நாங்கள் வைத்த பெயர்களைப் போட்டேன்: மொட்டை பயில்வான், ரெண்டு பிளேன், பச்சை ஜீப்.

ஒன்றுகூடத் திறக்கவில்லை.

தம்பிக்கு போன் செய்தேன்.

"பேரை மாத்தினா எமுலேட்டருக்கு அடையாளம் தெரியாதுண்ணா. பழைய பேரையே திருப்பி வை."

"பழைய பேரை எழுதி வைக்கலடா. மொட்டை பயில்வானோட நிஜப் பேர் என்ன?"



"யாரும் ஆடாதப்பதானே ஸ்கிரீன்ல பேர் வரும். அந்த மெஷின் என்னிக்குக் காலியா இருந்துது?"

"ஜல்தி கரோ பையா", சீக்கிரம் முடி என்று அங்கே வரிசையில் நின்று என் முதுகில் இடித்தவர்கள் யாராவது இதைப் படித்தால், அந்த கேமின் பெயரைச் சொல்லிவிட்டுப் போங்கள்.

இப்போது மெஷின் காலியாகத்தான் இருக்கிறது.