அணைக்காமல் கொண்டுபோன ஆட்டம்

என் ஓரகத்தி தையல்நாயகி சொல்வதை எங்கள் வீட்டில் யாரும் முழுதாக நம்பியதில்லை. அதற்காக அவளை யாரும் வெறுத்ததும் இல்லை. உப்பு கூடிப்போன குழம்பில் தண்ணீர் ஊற்றிக்கொள்வதுபோல, அவள் சொல்வதில் பாதியைத் தள்ளிவிட்டு மீதியைக் கேட்போம்.

அவள் பிறந்தது திருவெண்ணெய்நல்லூர் பக்கம். அவள் அப்பா வயலில் கரும்பு வெட்ட ஏணி வைத்தார்களாம். பெண்ணையாற்றில் வெள்ளம் வந்த வருடம் ஒரு வாழைமரத்தைப் பிடித்துக்கொண்டு தனியாக அக்கரைக்குப் போய், அங்கே பூ வாங்கி வைத்துக்கொண்டு திரும்பி நீந்தி வந்தாளாம்.

"பூவு நனையலியா அண்ணி?" என்று என் வீட்டுக்காரர் துரைக்கண்ணு கேட்பார்.

"தலையத் தூக்கிக்கினுதான் நீந்துனேன். உன்னாட்டம் முழுவுவனா?" என்பாள் அக்கா. அவளை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். சளைக்கவே மாட்டாள்.

ஆனால் ஒரு நாள் கடைத்தெருவிலிருந்து ஓட்டமாக வந்து, "ரயிலடியில ஒட்டகம் நிக்குது, மூணு!" என்றாள். அவள் புருஷன் நடராசன் மாமா சோற்றைப் பிசைந்துகொண்டே, "யானை ஒண்ணும் வரலியா?" என்று கேட்டார். யாரும் எழுந்து போகவில்லை. மறுநாள் பக்கத்து வீட்டுச் சின்னபொண்ணு வந்து அதே ஒட்டகங்களைப் பற்றிச் சொன்னபோது எல்லோரும் வாயைப் பிளந்துகொண்டு கேட்டார்கள். அக்கா முறத்தை மடியில் வைத்து மல்லாட்டைக் கடலை உடைத்துக்கொண்டிருந்தாள். "நான் நேத்தே சொன்னன்" என்றாள், ஒரே தடவை. அது யார் காதிலும் விழவில்லை. உடைக்கும்போது பாதியை வாயில் போட்டுக்கொள்கிறவள், அன்றைக்கு ஒரு பருப்பைக்கூடத் தின்னவில்லை.

எண்பத்தேழாம் வருடம் கிருஷ்ணவேணி அண்ணி வீட்டுக்கு அந்த விளையாட்டுப் பெட்டி வந்தது. அண்ணி நடராசன் மாமாவுக்கு உடன்பிறந்த மூத்தவர், திண்டிவனத்தில் வாழ்க்கைப்பட்டவர். அவர் வீட்டுக்காரர் சீனுவாசன் மஸ்கட்டில் வேலை செய்தார். லீவில் வந்தபோது வாங்கி வந்தார். கறுப்பாக, சாப்பாட்டுத் தூக்கை விடக் கொஞ்சம் பெரிதாக இருக்கும். அதன் ஒயரை டிவியில் செருகினால் திரையில் செங்கல் சுவர் ஒன்று தெரியும். கீழே ஒரு சின்ன மட்டை. கையில் ரேடியோவுக்கு இருப்பதுபோல ஒரு திருகு. அதைத் திருப்பினால் மட்டை இப்படியும் அப்படியும் போகும். பந்து எகிறிப்போய்ச் செங்கல்லை உடைக்கும். சுவர் முழுதும் உடைந்தால் புதுச் சுவர் வரும். ஓர் ஆட்டத்துக்கு ஐந்து பந்து. திருகின் பக்கத்தில் இருக்கிற சிவப்புப் பட்டனை அழுத்தினால்தான் பந்து வரும். அழுத்தாவிட்டால் திரை அப்படியே நிற்கும்.

தம்பி வீட்டுக்கும் பங்கு வேண்டும் என்று அண்ணிதான் சொன்னார். பெட்டி ஒரு மாதம் திண்டிவனத்தில், ஒரு மாதம் விழுப்புரத்தில். என் வீட்டுக்காரர் மெட்டடார் வேனில் மல்லாட்டை மூட்டை ஏற்றிக்கொண்டு திண்டிவனம் மில்லுக்குப் போகிறவர். பெட்டியைத் துண்டில் சுற்றி, ஒயர் கூடையில் வைத்து, அவர்தான் கொண்டுபோவார், கொண்டுவருவார்.

கூடையோடு சேதியும் போய்வரும். யார் எவ்வளவு எடுத்தார்கள் என்பதுதான் சேதி. பெட்டியை அணைத்தால் திரையில் இருக்கிற எண்ணும் அழிந்துவிடும். அதனால் எண்ணை வாயால்தான் அனுப்ப வேண்டும். அண்ணி நானூறு எடுத்ததாகச் சொன்னால் விழுப்புரத்தில் எல்லோரும் நம்பினார்கள். அக்கா அறுநூறு எடுத்ததாகச் சொன்னால் விழுப்புரத்திலேயே யாரும் நம்பவில்லை. அவள் விளையாடியது எல்லோரும் வேலைக்குப் போன பிறகு. நான் மட்டும் பார்த்திருக்கிறேன். அந்த வீட்டில் நான் வாய் திறந்து பேசிப் பழகியிருக்கவில்லை.

"அண்ணி இன்னா சொன்னாங்க?" என்று அக்கா ஆசையாகக் கேட்பாள்.

"உங்கூட்டுக் கரும்பாட்டம் இதுவும் வளந்துகினே போவுதான்னு கேட்டாங்க" என்று இவர் அப்படியே ஒப்பிப்பார்.

அக்கா சிரிப்பாள். பிறகு கொல்லைப்பக்கம் போய்ப் பாத்திரத்தை வேண்டுமென்றே சத்தமாகத் தேய்ப்பாள்.

உண்மையில் அவள் ஆடுவதைப் பார்க்க வேண்டும். கோழி பிடிக்கப் போகிறவர்கள் கோழியைப் பார்க்காமல் அது ஓடப்போகிற சந்தைப் பார்ப்பார்கள் அல்லவா, அந்த மாதிரி. அவள் கண் பந்தின் மேல் இருக்காது. பந்து வந்து விழப்போகிற இடத்தில் இருக்கும். உதடு மட்டும் லேசாகக் குவிந்திருக்கும்.

பெட்டியைத் திருப்பிக் கொடுக்க வேண்டிய ஞாயிற்றுக்கிழமை. வாசலில் வேன் நின்றது. இவர் ஆரன் அடித்துக்கொண்டே இருந்தார். அக்கா காலையில் இட்லி ஊற்றிவிட்டு உட்கார்ந்தவள் இன்னும் எழுந்திருக்கவில்லை.

"ஜல்தி அண்ணி! மில்லு மூடிடுவான்!" என்று உள்ளே வந்தவர் அப்படியே நின்றுவிட்டார். மாமாவும் எட்டிப் பார்த்தார்.

திரையில் தொள்ளாயிரத்து அறுபத்தொன்று. நாலாவது பந்து அப்போதுதான் தவறிப் போயிருந்தது. இன்னும் ஒரு பந்து பாக்கி.

"நெசமாத்தானா?" என்றார் மாமா. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் பார்த்தார். "சரி, அண்ணன் பாத்துட்டாரு, நானும் பாத்துட்டேன். அணச்சிட்டு எடு."

இவர் "நான்தான் தம்பி, நீதான் அண்ணன்" என்றார். மாமா அவ்வளவு குழம்பிப்போயிருந்தார்.

அக்கா சுவிட்சைக் கையால் மூடிக்கொண்டாள். "அணைக்க மாட்டேன். இத இப்படியே அண்ணிகிட்ட கொண்டுபோவணும்."

"இன்னாடி பேஜாரா கீது! நாங்கதான் சொல்றமே, நாங்க சொன்னா நம்ப மாட்டாங்களா?"

"நீங்க சொன்னா நம்புவாங்க. நான் சொன்னா?"

மாமா குனிந்து டிவிக்குக் கீழே இருந்த பேட்டரியைப் பார்த்தார். அவருக்கு பேட்டரி சார்ஜ் போடுகிற கடை. எங்கள் தெருவில் வோல்டேஜ் சரியாக இருக்காது என்பதால், பகலில் விளையாடும்போது டிவியை ஒரு கார் பேட்டரியில்தான் ஓட்டுவோம். விளையாட்டுப் பெட்டிக்கு அடியில் ஆறு டார்ச் செல். ஆக, கரண்ட் இல்லாமலே எல்லாம் ஓடிக்கொண்டிருந்தது. தூக்கி வேனில் வைக்க வேண்டியதுதான்.

"பெட்டிய மட்டும் எடுத்தாப் போதும். கணக்கு அதுக்குள்ளதான் இருக்குது" என்றார் மாமா.

"டிவிக்குள்ள இருந்தா? அதுலதான தெரியுது?"

"அதுல தெரியுது. இதுல இருக்குது."

"உள்ள போய்ப் பாத்துட்டு வந்தீங்களா? ரெண்டையும் எடுங்க. ஒயரப் புடுங்கக் கூடாது."

இரண்டையும் எடுத்தோம். மல்லாட்டை மூட்டைகளுக்கு நடுவில் டிவி. அதன் காலடியில் பேட்டரி, பக்கத்தில் மாமா. அக்கா மடியில் விளையாட்டுப் பெட்டி. என் மடியில் திருகு. "பொண்ணே, ஒன்ன நம்பித்தான் இருக்கறேன். அந்த செவப்புப் பட்டன்ல வெரல் படக்கூடாது" என்றாள். நான் ஒரு குழந்தையைப் பிடித்திருப்பதுபோல இரண்டு கையாலும் அதைப் பொத்திக்கொண்டேன்.

விக்கிரவாண்டியில் டீ குடிக்க நிறுத்தினார் இவர். நிறுத்தியிருக்கக் கூடாது. மூட்டைக்கு நடுவில் டிவி எரிவதைப் பார்த்ததும் லாரிக்காரர்கள் கூடிவிட்டார்கள்.

"படம் போடறீங்களா? இன்னா படம்?"

"படமில்ல, ஆட்டம். இது நான் எடுத்த கணக்கு" என்றாள் அக்கா.

"நீயா எடுத்த?" என்று ஒருவர் சிரித்தார். "எங்க, ஆடிக் காட்டு!"

அக்கா கை திருகை நோக்கி வந்தது. நான் திருகை இன்னும் இறுக்கிப் பிடித்தேன். அவள் விரலை மடக்கிக்கொண்டாள். "திண்டிவனத்துலதான் ஆடுவேன். வந்து பாருங்க."

"இத அமுக்குனா இன்னா ஆவும்?" என்று ஒரு மீசைக்காரர் என் கையிடுக்கில் விரலை நீட்டினார். நான் பட்டென்று அவர் கையில் அடித்துவிட்டேன்.

"யம்மா! ஊமையாட்டம் குந்திக்கினு இன்னா அடி அடிக்குது!" என்று அவர் கையை உதறினார். கூட்டம் முழுதும் சிரித்தது. டீக்கடைக்காரர் எங்களுக்கு டீயோடு நாலு வடையும் அனுப்பி வைத்தார்.

கூட்டேரிப்பட்டு தாண்டியதும் திரையின் இரண்டு ஓரமும் உள்ளே ஒடுங்க ஆரம்பித்தது. சுவர் குறுகிக் குறுகி ஒரு கை அகலம் ஆனது. பிறகு நடுவில் ஒரு வெள்ளைப் புள்ளி. அதுவும் போய்விட்டது.

"பேட்டரி எறங்கிடுச்சி" என்றார் மாமா மெதுவாக.

வேன் ஓடிக்கொண்டிருந்தது. அக்காவின் முந்தானை காற்றில் அடித்து முகத்தில் விழுந்தது, அவள் அதை விலக்கவில்லை.

"திரும்பிடலாமா அண்ணி?" என்று முன்னாலிருந்து இவர் கேட்டார்.

"எதுக்கு? அவங்க பொருள அவங்ககிட்ட குடுத்துட்டு வந்துடலாம்" என்று சொல்லிவிட்டு, பெட்டியை அணைக்கக் கையைக் கொண்டுபோனாள்.

"இரு, இரு! தொடாத!" என்று மாமா அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "பெட்டியில வெளக்கு எரியுது பாரு. நான்தான் சொல்றனே, கணக்கு இதுல இருக்குது."

"சும்மா சமாதானம் சொல்லாதீங்க."

"நம்புடி!"

அவள் நம்பவில்லை. ஆனால் கையை எடுத்துக்கொண்டாள்.

திண்டிவனத்தில் வேன் சத்தம் கேட்டுக் கிருஷ்ணவேணி அண்ணி வாசலுக்கு வந்தார். மாமா டிவியையும், அக்கா பெட்டியையும், ஒயருக்கு ஒட்டியே நான் திருகையும் தூக்கிக்கொண்டு ஒரே அடியாக இறங்கினோம்.

"இன்னாடா இது, மூணு பேரு வரிசையா? சீர் கொண்டாறீங்களா?" என்றார் அண்ணி.

"வழி வுடு அக்கா, ஒயரு இழுக்குது" என்று மாமா நேராக உள்ளே போய் டிவியின் கரண்ட் ஒயரைச் சுவரில் செருகினார். முதலில் உர்ரென்று சத்தம். பிறகு சாம்பல் நிறம். அந்த டிவி சூடாகி வர எப்போதுமே நேரம் எடுக்கும். அன்றைக்கு ஊர்போய்ச் சேருகிற நேரம் எடுத்தது. அக்கா வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அக்கா, பாரேன்" என்றேன் நான்.

தொள்ளாயிரத்து அறுபத்தொன்று, முன்னைவிடப் பளிச்சென்று நின்றது. அக்கா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். சிரித்தாள், மூக்கை உறிஞ்சினாள், மறுபடி சிரித்தாள்.

கிருஷ்ணவேணி அண்ணி திரைக்குப் பக்கத்தில் குனிந்து ஒவ்வொரு எண்ணாக விரல் வைத்துப் பார்த்தார். "யார் ஆடுனது? தொரக்கண்ணா?"

"நானா? எனக்கு முதல் பந்தே நிக்காது" என்றார் இவர்.

"நாயகிதான் அக்கா" என்றார் மாமா.

"நீ ஒம் பொண்டாட்டிய வுட்டுக் குடுப்பியா? ஒரு பந்து பாக்கி இருக்குதுல்ல? என் எதுர்ல ஆடச் சொல்லு."

அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தாள். உள்ளங்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டாள். என்னிடமிருந்து திருகை வாங்கிக்கொண்டு, கண்ணை ஒரு முறை மூடித் திறந்து, சிவப்புப் பட்டனை அழுத்தினாள்.

பந்து இறங்கியது. மட்டை அதற்கு முன்பே அங்கே போய் நின்றிருந்தது. அண்ணி இடுப்பில் கை வைத்து நின்றுகொண்டிருந்தார். கொஞ்சம் கழித்துப் பார்த்தால் அண்ணி குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தார். இன்னும் கொஞ்சம் கழித்து அக்கா தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தார்.

"எடது பக்கம்! எடது பக்கம் நாயகி! ஐயோ வுட்டுட்ட... இல்ல, வுடல! வுடல!"

"அண்ணி, தோள வுடுங்க, கை ஆடுது!"

தொள்ளாயிரத்து எண்பது. தொண்ணூறு. இவர் வாசற்படியில் நின்று சீட்டியடித்தார். தொண்ணூற்றெட்டு. தொண்ணூற்றொன்பது. அடுத்த செங்கல் உடைந்ததும் எண் இருந்த இடத்தில் மூன்று முட்டை வந்து நின்றது.

"ஐயையோ, போச்சா?" என்று அண்ணி அலறினார்.

"போவல. ஆயிரம் ஆயிடுச்சி. ஆயிரம் எழுத அதுல எடமில்ல!" என்று மாமா கத்தினார்.

அக்கா கலகலவென்று சிரித்தாள். சிரித்துக்கொண்டே இன்னும் சில செங்கல்லை உடைத்தாள். கண்ணில் நீர் வழிந்து மறைத்ததால்தான் கடைசியில் பந்து தவறியது. திரையில் பன்னிரண்டு என்று நின்றது.

கூச்சல் கேட்டு எதிர்வீட்டுப் பாஞ்சாலி ஓடிவந்தாள். "இன்னாக்கா, யாருக்கு இன்னா?" என்றவள் திரையைப் பார்த்தாள். "பன்னண்டா? இதுக்கா இந்தச் சத்தம்? எம் புள்ள அம்பது எடுக்குறான்."

"பன்னண்டு இல்லடி, ஆயிரத்துப் பன்னண்டு!" என்றார் அண்ணி.

பாஞ்சாலி திரையை இன்னொரு முறை பார்த்தாள். அண்ணியைப் பார்த்தாள். "சரிக்கா" என்றாள். அந்தச் 'சரிக்கா' எனக்கு நன்றாகத் தெரிந்த குரல். எங்கள் வீட்டில் தினமும் கேட்கிற குரல்.

"என் கண்ணால பாத்தன்டி! ஆயிரம் எழுத எடமில்லாம முட்டைக்குப் போயிடுச்சி!"

"பெட்டியில எடமில்லியா?" பாஞ்சாலி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

அண்ணிக்கு முகம் சிவந்துவிட்டது. "நாயகி, நீயாச்சும் சொல்லேன்!"

அக்கா காலை நீட்டிச் சுவரில் சாய்ந்துகொண்டாள். "நான் சொன்னா எவ நம்புவா அண்ணி? நீங்களே சொல்லுங்க."

அண்ணி சொன்னார். முதலிலிருந்து, வேன் வந்து நின்றதிலிருந்து. பாஞ்சாலிக்குச் சொல்லி முடிப்பதற்குள் இன்னும் இரண்டு பேர் வாசலில் வந்து நிற்கவே, அவர்களுக்காக மறுபடி ஆரம்பித்தார். இரண்டாவது தடவை சொன்னபோது பந்து இரண்டு மடங்கு வேகமாக வந்தது. அக்கா கண் சிமிட்டாமல் கேட்டுக்கொண்டிருந்தாள். ஓர் இடத்தில்கூடக் குறுக்கே பேசவில்லை. மில் மூடிவிடும் என்று இவர் வெளியே ஆரன் அடித்தபோது, "நீ போய்ட்டு வா தொரக்கண்ணு, நாங்க இருக்கறோம்" என்று சொல்லிவிட்டு, ஒரு டம்ளர் காப்பி கேட்டாள்.